பத்தாவது என்று சொன்னேன்

என் ஷீட் ரோலில் படிப்பு என்ற கட்டத்தில் நாலரை வருடம் 'பத்தாம் வகுப்புத் தேர்ச்சி' என்றுதான் இருந்தது. ஷீட் ரோல் என்பது பட்டாளத்தில் ஒரு சிப்பாயின் ஜாதகம். உயரம், மார்பளவு, புருவத்துக்கு மேல் இருக்கும் தழும்பு, கல்யாணம், பிள்ளை, தண்டனை எல்லாம் அதில் ஏறும். ஏறாத எதுவும் நடந்ததாகக் கணக்கில்லை. எங்கள் பிளட்டூனில் ஒருவர் கல்யாணமானதை எழுதிக் கொடுக்காமல் ஒரு வருடம் சும்மா இருந்துவிட்டார். பிறகு அவர் மனைவி குன்னூர் ஸ்டேஷனில் பெட்டியோடு வந்து இறங்கியபோது குவார்ட்டர்ஸ் கேட்டு ஓடினார். தாள்படி அவர் பிரம்மச்சாரி. மாமியார் வந்து சாட்சி சொன்னாலும் செல்லாது என்றார்கள்.

என் கட்டத்தில் இருந்ததைப் பொய் என்று சொல்ல முடியாது. நான் பத்தாவது தேறியது உண்மை. அதற்கு மேல் ஐந்து வருடம் படித்து, ஊட்டியில் கல்லூரிக்குப் போய் வரலாற்றில் பி.ஏ. முடித்ததைச் சொல்லவில்லை, அவ்வளவுதான். யாரும் என்னை ஏமாற்றி எழுத வைக்கவில்லை. என் வாயால் சொல்லி, என் கையால் கையெழுத்துப் போட்டது.

ஏன் அப்படிச் சொன்னேன் என்பதற்குத் தோட்டத்தைப் பற்றிச் சொல்ல வேண்டும்.

நடுவட்டத்துக்குக் கீழே லயத்தில், தோட்டத் தொழிலாளர்களின் வரிசை வீடுகளில், எங்கள் வீடு. அப்பா கவ்வாத்து வெட்டுகிறவர்; தேயிலைச் செடியை இடுப்பளவுக்குக் கழித்துவிடுகிற வேலை. அம்மா கொழுந்து எடுக்கிறவர். இரண்டு பேரும் சிறு வயதில் சிலோன் தோட்டங்களிலிருந்து கப்பலேறி வந்தவர்கள். பள்ளிக்கூடத்தை உள்ளே போய்ப் பார்த்த ஆள் எனக்கு முன்னால் இரண்டு பக்கத்திலும் கிடையாது. நான் கல்லூரிக்குப் போனபோது காலை முதல் பஸ்ஸில் நடத்துநர் எனக்கு இடம் பிடித்து வைப்பார். லயத்தில் பெரியவர்கள்கூட 'வாங்க போங்க' என்று பேச ஆரம்பித்தார்கள். அது எனக்குப் பிடித்திருந்தது என்பதை மறைக்க வேண்டியதில்லை.

நான் கடைசி வருடம் படிக்கும்போது தேயிலை விழுந்தது. குன்னூர் ஏலத்தில் தூள் விற்காமல் திரும்பி வருகிறது என்றார்கள். சிறு தோட்டக்காரர்கள் கொழுந்து எடுப்பதையே நிறுத்தினார்கள். கிள்ளாமல் விட்ட செடி மரமாகப் போகும். சாலையோரத்தில் தேயிலை ஆள் உயரத்துக்கு நின்று பூப்பதை அந்த வருடம்தான் முதல்முறையாகப் பார்த்தேன். எங்கள் தோட்டத்தில் ஃபேக்டரி வாரத்தில் மூன்று நாள் ஓடியது. காலையில் ஆட்களைக் கூட்டிப் பேர் போடுவதைச் சிலோன்காரர்கள் பெரட்டு என்பார்கள். பெரட்டில் நிற்பவர்களில் பாதிப் பேருக்கு அரைப் பேர் போட்டார்கள், அதாவது அரை நாள் வேலை.

அந்த நாளில் தற்காலிக ஆள் எடுக்க ஒரு பட்டியல் எழுதினார்கள். எழுதியவர் தோட்டத்து ஆபீஸ் கிளார்க். கோயமுத்தூர்க்காரர், கெட்டவர் இல்லை. ஆனால் அவருக்கு ஒரு விதி இருந்தது.

"படிச்ச பசங்க வேண்டாமுங்க. ரெண்டு நாள் வருவாங்க, மூணாம் நாள் திருப்பூருக்கு பஸ் ஏறிப் போயிருவாங்க. படிக்காத ஆளுக்குத்தான் போக்கிடம் இல்லை. அவுங்களுக்குப் பேர் போடலாம்."

அவர் சொன்னதில் நியாயம் இல்லாமல் இல்லை. ஆனால் லயத்தில் அது வேறு மாதிரிப் புரிந்துகொள்ளப்பட்டது. கல்லூரிக்குப் போன எங்கள் மூன்று பேரின் பெயரும் பட்டியலில் ஏறவில்லை என்று தெரிந்ததும், மறுநாளிலிருந்து எல்லாரும் படிப்பைக் குறைத்துச் சொல்ல ஆரம்பித்தார்கள். பன்னிரண்டாவது முடித்த பெண் எட்டாவது என்றாள். எட்டாவது படித்தவன் மூன்றாவது என்றான். ஐ.டி.ஐ. முடித்தவன் ஒருவன் ஒரேயடியாகக் கைநாட்டு வைத்தான். மை காய்வதற்குள் அந்தத் தாளில் தன் பெயருக்கு எழுத்துப்பிழை இருப்பதாகக் கிளார்க்கிடமே காட்டிக்கொடுத்து மாட்டிக்கொண்டான். பல நாள் அதைச் சொல்லிச் சொல்லிச் சிரித்தோம்.

நான் பட்டம் வாங்கியிருந்த இந்தச் சமயத்தில்தான் குன்னூருக்கு அடுத்த கண்டோன்மென்ட் மைதானத்தில் பட்டாளத்துக்கு ஆள் எடுக்கிறார்கள் என்று செய்தி வந்தது. அப்பாவும் கூட வந்தார். ஊட்டியில் பஸ் மாறி உட்கார்ந்ததும் என் மடியில் இருந்த பையைத் தொட்டுப் பார்த்தார்.

"என்னென்ன கொண்டாந்த?"

"எல்லாம் இருக்குப்பா. பத்து, பன்னெண்டு, டிகிரி."

"டிகிரிய எடுத்து எங்கிட்ட குடு."

"எதுக்குப்பா?"

"ஓடுறதுக்கும் சுடுறதுக்கும் டிகிரி எதுக்குடா? காமிச்சா இவன் நிக்கமாட்டான், ஓடிப்போயிருவான்னு பேரை வெட்டிருவானுக. தொரைமாரு எங்கயும் ஒரே மாதிரிதான். கேட்டா பத்துன்னு சொல்லு."

"அதுக்கு மேல கேட்டாங்கன்னா?"

"மேல கூரைதான் இருக்குன்னு சொல்லு."

பஸ்ஸில் பின்னால் இருந்தவர் சிரித்தார். அப்பா சிரிக்கவில்லை. கல்லூரிச் சான்றிதழையும் பன்னிரண்டாவது மார்க் ஷீட்டையும் வாங்கி நாலாக மடித்துச் சட்டைக்குள் வைத்துக்கொண்டார். மடிக்காதீர்கள் என்று சொல்ல நினைத்தேன்.

ஒரு மைல் ஓட்டத்தில் மலைக்காரப் பையன்கள் யாரும் பின்தங்கவில்லை. மார்பு அளந்தார்கள், கம்பியில் தொங்கச் சொன்னார்கள். கடைசியாக ஒரு மேசையில் படிவம் நிரப்பினார்கள். எது வரைக்கும் படித்திருக்கிறாய் என்று கேட்டபோது பத்து என்றேன். எழுதியவர் என் கையெழுத்தைப் பார்த்துவிட்டு, "பத்தாவதுக்கு நல்ல கையெழுத்து" என்றார். கீழே, சொன்னதெல்லாம் உண்மை, தவறானால் வேலையிலிருந்து நீக்கலாம் என்று ஆங்கிலத்தில் அச்சடித்திருந்தது. அந்த வரிசையில் அதை வாசித்தவன் நான் ஒருவனாகத்தான் இருப்பேன்.

எடுத்துக்கொண்டார்கள். திரும்பும் வழியில் அப்பா குன்னூர் பஸ் ஸ்டாண்டில் எனக்கு முட்டை பரோட்டா வாங்கிக் கொடுத்தார். "பாத்தியா?" என்று ஒரே ஒரு வார்த்தை சொன்னார்.

குன்னூர் சென்டரில் பயிற்சி முடிந்து வடக்கே மூன்று வருடம் போனது. அந்தக் காலத்தில் பட்டாளத்தில் படிப்புக்கு என்ன மரியாதை என்பதை மெதுவாகத் தெரிந்துகொண்டேன். வெளியே நினைப்பது போல இல்லை. பட்டம் வைத்திருக்கிற சிப்பாய்க்கு அதற்காக யாரும் தோளில் பட்டை ஒட்டிவிடுவதில்லை. லான்ஸ் நாயக், நாயக், ஹவில்தார் என்று ஒவ்வொரு படிக்கும் வரிசை உண்டு. முன்னால் சேர்ந்தவன் முன்னால் நிற்பான். வரிசை வந்தாலும் வரைபடப் பரீட்சை, கல்விப் பரீட்சை, ஆள் நடத்தும் பயிற்சி எல்லாம் தேறியிருக்க வேண்டும். எட்டாவது படித்தவர் இந்தப் பரீட்சைகளில் முட்டி முட்டி நிற்பார். கல்லூரி போனவன் ஒரே தடவையில் தாண்டுவான். ஆனால் தாண்டிவிட்டு, வரிசை நகர்வதற்காக அவனும் எட்டாவது படித்தவருக்குப் பின்னால்தான் காத்திருக்க வேண்டும்.

வரிசையை விட்டு விலகிப் போகிற கதவுகளும் இருந்தன. பரீட்சை எழுதி அதிகாரியாகப் போகிற கதவு ஒன்று; அதில் என்னுடன் இருந்த கேரளத்துப் பையன் ஒருவன் போனான். இன்னொன்று கல்வி ஹவில்தார் வேலை. சிப்பாய்களுக்கு ஆங்கிலமும் கணக்கும் சொல்லிக்கொடுத்துப் பரீட்சைக்குத் தயார் செய்கிறவர் அவர். பணியிலிருக்கும் பட்டதாரிச் சிப்பாய்களிடமிருந்து சில வருடங்களில் விண்ணப்பம் கேட்பார்கள். தேர்வானால் சிப்பாய் நேரே மூன்று பட்டை ஹவில்தார். வெற்றுத் தோளோடு போனவன் அப்படித் திரும்பி வருவதை ஒருமுறை பார்த்தேன். எனக்கு அந்தக் கதவு இல்லை. தாள்படி நான் பத்தாவது.

நாலாவது வருடம் பயிற்சி சென்டருக்கே, குன்னூருக்கே மாற்றலாகி வந்தேன். புது ஆட்களுக்கு ஆயுதப் பயிற்சி கொடுக்கும் ஒரு ஹவில்தாருக்கு உதவியாக என்னைப் போட்டார்கள். பயிற்சி கொடுப்பவரை நாங்கள் உஸ்தாத் என்போம். இவர் தேனிப் பக்கத்துக்காரர், இருபது வருட சர்வீஸ். இருட்டில் இயந்திரத் துப்பாக்கியைப் பிரித்துச் சேர்ப்பார். நாயப் சுபேதாராக உயர அவருக்கு வரிசை வந்துவிட்டது. பாக்கி ஒரு கல்விப் பரீட்சைதான். இரண்டு தடவை தோற்றிருந்தார். இந்தத் தடவையும் போனால் வீட்டுக்குப் போகிற வயது.

ஒரு நாள் சாயங்காலம் ஆயுத அறை வாசலில் அவர் ஒரு கணக்குப் புத்தகத்தை முறைத்துக்கொண்டிருந்தார்.

"ஏப்பா, இந்தப் பர்சென்ட்டுன்னு ஒண்ணப் போட்டிருக்கானே, இவன் எங்கருந்து வந்தான்?"

எதிர்ச் சரிவில் தேயிலைக் காடு தெரிந்தது. "உஸ்தாத், நூறு கிலோ பச்சைக் கொழுந்து ஃபேக்டரிக்குள்ள போகுதுன்னு வெச்சுக்கங்க. வெளிய வர்ற தூள் இருபத்து மூணு கிலோ. அதான் இருபத்து மூணு பர்சென்ட்."

"மிச்சம் எழுபத்தேழு எங்க போச்சு?"

"தண்ணி உஸ்தாத். ஆவியாப் போயிரும்."

கொஞ்ச நேரம் அந்தச் சரிவைப் பார்த்தார். "நம்ம சர்வீஸ் மாதிரி" என்றார்.

அன்றிலிருந்து தினமும் பரேடு முடிந்தபின் ஒரு மணி நேரம். கணக்கு, ஆங்கிலத்தில் விடுப்புக் கடிதம், பொது அறிவு. அவருக்குப் புரியாத இடம் எது என்று எனக்குச் சுலபமாகத் தெரிந்தது. என் வீட்டில் என்னிடம் கேட்கிற கேள்விகளைத்தான் அவரும் கேட்டார். நான் சந்தோஷமாக இருந்தேன். ஒரு நாள் அசோகர் காலத்துப் பட்டாளத்தில் யானைப்படையை எப்படி நிறுத்துவார்கள் என்று உற்சாகத்தில் பேசிக்கொண்டே போனேன். அவர் பென்சிலை வைத்துவிட்டார்.

"நெசமாச் சொல்லு. நீ பத்தாப்பு இல்ல."

சொல்லிவிட்டேன். திட்டுவார் என்று நினைத்தேன். ரொம்ப நேரம் சிரித்தார். பிறகு சிரிப்பு நின்றுவிட்டது.

"நாங்கள்லாம் எட்டாப்பப் பத்தாப்புன்னு காட்ட முடியாதான்னு தவிச்சுக்கிட்டிருக்கோம். நீ பி.ஏ.வக் கொண்டுபோய்ப் பொட்டிக்குள்ள பூட்டி வெச்சிருக்க. யாரு சொல்லிக் குடுத்தா?"

"எங்கப்பா."

"நல்ல அப்பாப்பா." அது கேலியா இல்லையா என்று அவர் முகத்திலிருந்து தெரியவில்லை. "கல்வி ஹவில்தாருக்கு லெட்டர் வந்திருக்கு, தெரியும்ல? வயசு என்ன உனக்கு?"

தெரியும். அறிவிப்புப் பலகையில் நாலு தடவை வாசித்திருந்தேன். வயது வரம்பில் எனக்கு மிச்சம் அந்த ஒரு வருடம்தான்.

மறுநாள் தலைமைக் கிளார்க்கிடம் போனேன். பொள்ளாச்சிப் பக்கத்துக்காரர், சுபேதார். சென்டரிலேயே சிப்பாயைக்கூட 'ங்க' போட்டுப் பேசுகிறவர் அவர் ஒருவர்தான். அதனாலேயே அவரைக் கண்டால் கூடுதலாகப் பயம். கதவைச் சாத்தச் சொல்லிவிட்டு, நான் சொன்னதை முழுக்கக் கேட்டார்.

"ஏந்தம்பி, சேர்ந்ததுக்கப்புறம் தபால்ல படிச்சு வாங்கியிருந்தீங்கன்னா ஒரு தொல்லையும் இல்லைங்க. பார்ட் டூ ஆர்டர்ல போட்டு, ஷீட் ரோல்ல ஏத்திட்டு, ஸ்வீட் கொண்டாங்கன்னு சொல்லியிருப்பேன். நீங்க முன்னாலயே படிச்சுப்போட்டு, படிக்கலைன்னுல்ல கையெழுத்துப் போட்டிருக்கீங்க."

"படிக்கலைன்னு சொல்லலைங்க சாப். பத்துன்னு சொன்னேன்."

"அந்த வக்கீல் பேச்சு கர்னல் சாப்கிட்ட வேண்டாமுங்க." கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "கூட்டிச் சொல்லிச் சேர்றவனை நிறையப் பாத்திருக்கேன். அவனைப் புடிச்சா வீட்டுக்கு அனுப்பிருவாங்க. கொறைச்சுச் சொன்னவனுக்கு என்ன பண்றதுன்னு எனக்கே தெரியலைங்க. ஒண்ணுமில்லாமலும் போகலாம். பொய்யினா பொய்தானேன்னு கிளம்பச் சொன்னாலும் சொல்லலாம். எழுதிக் குடுக்கிறதுக்கு முன்னால ஊட்டுக்குப் போயிட்டு வாங்க. நாலு நாள் லீவு போட்டுத் தர்றேன்."

வீட்டுக்குப் போனேன். ஃபேக்டரி அப்போதும் வாரத்தில் மூன்று நாள்தான். பக்கத்து லயத்தில் நாலு வீடுகள் பூட்டிக் கிடந்தன, திருப்பூர் போய்விட்டார்கள். தங்கை பன்னிரண்டாவது பரீட்சை எழுதிக்கொண்டிருந்தாள். அந்த வீட்டில் நிச்சயமான மாத வருமானம் என்னுடையது ஒன்றுதான் என்பதை யாரும் வாய்விட்டுச் சொல்லவில்லை. நான் பேச்சை எடுத்ததும் அம்மா உலை மூடியைக் கொஞ்சம் பலமாகவே வைத்தார்.

"இருக்கிறது பத்தலையா? அஞ்சு வருஷமா ஒருத்தனும் கேக்கல. கேக்காதவனுக்கு எதுக்கு வலியப் போயிச் சொல்லணும்?"

அப்பா எழுந்தார். தகரப் பெட்டியைத் திறந்து அடியிலிருந்து அந்தச் சான்றிதழை எடுத்தார். பஸ்ஸில் மடித்த மடிப்புகள் அப்படியே இருந்தன. ஒரு மடிப்பில் கிழிசல் விழ ஆரம்பித்திருந்தது.

"நான்தான மடிச்சேன்" என்றார்.

"அத விடுங்கப்பா."

"வேல போயிருமா?"

"தெரியலப்பா. போகவும் போகலாம்."

"சொல்லாம விட்டா?"

"ஒண்ணும் ஆகாது. இப்படியே இருக்கலாம். வரிசை வர்றப்ப பட்டை வரும்."

அவர் சான்றிதழைத் தரையில் விரித்து உள்ளங்கையால் நீவினார். வாசிக்கத் தெரியாதவர். ஆனாலும் சரியான பக்கமாகத்தான் வைத்திருந்தார். "நீயே பாத்துக்க" என்றார். என் வாழ்க்கையில் அவர் அப்படிச் சொன்னது அதுதான் முதல்தடவை. பஸ்ஸில் 'எங்கிட்ட குடு' என்று சொன்னதைவிட அது பாரமாக இருந்தது.

குன்னூருக்குத் திரும்பும் வழியெல்லாம் எதுவும் முடிவாகவில்லை. பஸ் ஊட்டியைத் தாண்டும்போது கல்லூரிக்குத் திரும்பும் வளைவில் இறங்கிக்கொண்ட பையன்கள் நனைந்த புத்தகங்களைச் சட்டைக்குள் வைத்திருந்தார்கள். முடிவுக்குக் காரணம் அவர்கள்தான் என்று சொன்னால் அழகாக இருக்கும். உண்மையில் எனக்கு வேறொன்று தோன்றியது. உஸ்தாத்துக்கு நான் சொல்லிக்கொடுப்பது அவர் வாயால் வெளியே வந்தால் என் கதையும் தானாக வந்துவிடும். பிடிபடுவதற்கு முன்னால் போய்ச் சொல்லிவிடலாம். அவ்வளவு பெரிய தைரியம் எதுவும் இல்லை.

ஷீட் ரோலைத் திருத்தக் கேட்கும் விண்ணப்பத்தை நானே ஆங்கிலத்தில் எழுதினேன். ஒரு வாரத்தில் கர்னல் முன்னால் மார்ச் பண்ணிக் கொண்டுபோய் நிறுத்தினார்கள். தொப்பியும் பெல்ட்டும் இல்லாமல் நிற்க வேண்டும். தலைமைக் கிளார்க் பக்கத்தில் கோப்போடு நின்றார். கர்னல் வடக்கத்திக்காரர், இந்தியில் ஆரம்பித்து, என் சான்றிதழைப் பார்த்துவிட்டு ஆங்கிலத்துக்கு மாறினார். சோதிக்கிறார் என்று புரிந்தது.

ஏன் மறைத்தாய் என்று கேட்டார்.

ஒரு வாரமாகத் தயாரித்திருந்த வாக்கியம் வரவில்லை. எங்கள் தோட்டத்தில் படித்தவனுக்கு வேலை தரமாட்டார்கள், சார் என்றேன்.

"இங்கேயும் அப்படித்தான் என்று நினைத்தாயா?"

"ஆமாம், சார்."

"இப்போது?"

"இப்போதும் முழுசாகத் தெரியவில்லை, சார்."

தலைமைக் கிளார்க் இருமினார். கர்னல் ஜன்னல் பக்கம் பார்த்தார். அங்கிருந்தும் ஒரு தேயிலைச் சரிவு தெரியும். கவ்வாத்து வெட்டாமல் காடு பிடித்திருந்தது. அவர் அதைப் பார்த்தாரா, வெறுமனே பார்த்தாரா என்று எனக்குத் தெரியாது. பிறகு, பயத்தில் சொன்ன பொய்யை இத்தனை நாள் வைத்திருந்ததற்கு எச்சரிக்கிறேன் என்றார். வேலையிலிருந்து அனுப்பப் போவதில்லை என்றார். சான்றிதழ் உண்மைதானா என்று பல்கலைக்கழகத்துக்கு எழுதிக் கேட்டு, பதில் வந்தபின் ஷீட் ரோலில் ஏற்றலாம். ஏற்றுகிற தேதியிலிருந்துதான் செல்லும்.

வெளியே வந்து தொப்பியையும் பெல்ட்டையும் மாட்டிக்கொண்டேன். தலைமைக் கிளார்க் பின்னாலேயே வந்தார்.

"தப்பிச்சீங்க. ஆனா முழுசாத் தெரியலைன்னு கர்னல் சாப்கிட்ட சொன்ன மொத ஆள் நீங்கதானுங்க."

"லெட்டர் எப்பங்க சாப் திரும்பி வரும்?"

"இன்னைக்கே பதிவுத் தபால்ல அனுப்பிர்றேன். அந்தப் பக்கம் அவங்க எடுத்துப் பாக்கோணுமில்லீங்க? பாக்கலாமுங்க."

கல்வி ஹவில்தாருக்கு விண்ணப்பிக்கக் கடைசித் தேதி ஒரு மாதத்தில். தினமும் தபால் வரும் நேரத்தில் ஆபீஸ் பக்கம் ஏதாவது வேலை வைத்துக்கொண்டேன். நான் நிற்பதைப் பார்த்தால் அவர் உள்ளேயிருந்தே கையை விரித்துக் காட்டுவார். கடைசித் தேதியன்றும் விரித்தார். அன்று வெளியே வந்து, "டீ குடிச்சீங்களா?" என்று கேட்டார். பதில் வந்தது அதற்கு ஏழு வாரம் கழித்து. சிப்பாய்களின் விவரங்களில் வரும் மாற்றங்களை வெளியிடும் பார்ட் டூ ஆர்டரில் ஒரு வரி: என் எண், பெயர், பி.ஏ. தேர்ச்சி. கல்வி ஹவில்தாருக்கான பட்டியல் அதற்குள் போய்விட்டது. அடுத்த தடவை கேட்கும்போது என் வயது தாண்டியிருக்கும். உண்மையைச் சேரும்போதே சொல்லியிருந்தால் அந்த இடத்தில் என் பெயரும் ஒன்றாக இருந்திருக்கும். தேர்வாகியிருப்பேனா என்பது வேறு விஷயம். அப்பாவை நினைத்து ஒரு வாரம் கோபமாக இருந்தேன். கடிதம் எழுதவில்லை. பிறகு, கையெழுத்துப் போட்டது என் கைதானே என்று தோன்றி எழுதினேன்.

இந்த இடைவெளியில் உஸ்தாத் பரீட்சை எழுதித் தேறினார். மூன்று மாதத்தில் நாயப் சுபேதார் ஆனார். தோளில் நட்சத்திரம் வைத்த அன்று அவர்களுடைய மெஸ்ஸில் விருந்து. சிப்பாய் அங்கே போக முடியாது. சாயங்காலம் அவரே எங்கள் பாரக்குக்கு வந்தார். கட்டிலிலிருந்து எழுந்து விறைத்து நின்றேன். செய்தித்தாளில் சுற்றிய ஜிலேபிப் பொட்டலத்தை நீட்டினார்.

"ஒரு கிலோ வாங்கினேன். இதுல இருபத்து மூணு பர்சென்ட் ஒனக்கு."

"மிச்சம், சாப்?"

"ஆவியாப் போச்சு."

அதுவரை அவரை உஸ்தாத் என்றுதான் கூப்பிட்டிருந்தேன். சாப் என்று வாயில் வந்தது அன்றுதான். அவரும் அதைக் கவனித்தார். கட்டிலில் உட்கார்ந்து, புதுத் தோள்பட்டையைத் தொட்டுப் பார்த்துக்கொண்டே, "ஒன்னோட டிகிரி இந்தத் தோள்ல வந்து ஒக்காந்திருச்சேப்பா" என்றார். எனக்குச் சங்கடமாக இருந்தது. அவருக்கும்தான். ஜிலேபியைத் தின்றோம். அடுத்த வருடம் என் வரிசை வந்தபோது, மற்றவர்களைப் போலவே எனக்கும் லான்ஸ் நாயக் பட்டை ஒன்று கிடைத்தது.

அந்தப் பட்டையோடு லீவில் போனபோது ஷீட் ரோல் வரியின் நகல் ஒன்றைத் தலைமைக் கிளார்க்கிடம் கேட்டு வாங்கிப் போனேன். அப்பாவுக்கு வாசித்துக் காட்டினேன். "அழிக்க முடியாதுல்ல?" என்று கேட்டார். முடியாது என்றேன். சான்றிதழோடு சேர்த்து வைத்தார். இந்தத் தடவை மடிக்கவில்லை. பெட்டியின் அடியில் அட்டை ஒன்றை வைத்து அதன்மேல் படுக்க வைத்தார்.

மறுநாள் காலை பெரட்டில் தற்காலிக ஆட்களுக்குப் பேர் எழுதினார்கள். மழை நின்று கொழுந்து நிறைய வந்திருந்த வாரம். அப்பா தங்கை பெயரைக் கொடுக்கப் போனார். நானும் கூடப் போனேன். அவள் முந்தின வருடமே கல்லூரியில் சேர்ந்திருந்தாள், அப்போது அவளுக்கு விடுமுறை. அதே கிளார்க்தான். தலைமுடி நரைத்திருந்தது. லயத்துப் பிள்ளைகள் வரிசையாக ஐந்தாவது, எட்டாவது, ஆறாவது என்று சொல்லிக்கொண்டு போனார்கள். அவரும் நிமிர்ந்து பார்க்காமல் எழுதிக்கொண்டிருந்தார்.

"பாப்பா எது வரைக்குமுங்க?"

அப்பா என்னைப் பார்க்கவில்லை. "காலேஜ்" என்றார். பிறகு போதவில்லை என்று நினைத்தாரோ என்னவோ, "ஊட்டியில. மொத வருசம் முடிச்சிருச்சு" என்றார்.

வரிசையில் யாரோ 'அய்யய்யோ' என்று சிரித்தார்கள். கிளார்க் பேனாவை எடுத்துவிட்டு முதல்முறையாக நிமிர்ந்தார். எங்களை மாறி மாறிப் பார்த்தார்.

"ஏனுங்க, வருசா வருசம் கேக்கறேன். இப்பல்லாம் இந்த லயத்துல படிச்ச புள்ளைகளே இல்லைன்னு நெனைச்சுப்போட்டேன்" என்றார். பெயரை எழுதவில்லை. விதி அப்படியேதான் இருந்தது.

வீட்டுக்கு வந்து சொன்னதும் அம்மா முறத்தைக் கீழே வைத்தார்.

"மூணு வார வேல. அப்பனும் மகனும் உண்மை பேசிப் பேசி வாங்க. நான் அதையே உலையில போடுறேன்."

தங்கை அடுப்புக்குப் பக்கத்தில் உட்கார்ந்து, வந்த சிரிப்பை அடக்கிக்கொண்டிருந்தாள். அப்பா கவ்வாத்துக் கத்தியை எடுத்துச் சாணையில் தேய்க்க ஆரம்பித்தார். அன்று அவருக்கு அரைப் பேர்தான். கிளம்பும்போது வாசலில் நின்று, "அந்தாளு தலையத் தூக்கிப் பாத்தான்ல?" என்று என்னிடம் கேட்டார்.

பார்த்தார் என்றேன்.